கேள்வி நேரம்: காய்ச்சலும் நெறியும் உடலின் நினைவும்

மழைக்காலக் காய்ச்சல்கள் பற்றி வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே இடத்தில் வந்து நிற்கின்றன: கிருமி உள்ளே நுழைந்ததும் நம் உடல் என்ன செய்கிறது, அது செய்வது ஏன் சில சமயம் போதாமலும் சில சமயம் மிஞ்சியும் போகிறது? ஆகவே இந்த இதழின் பக்கங்கள் முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறேன்.

வேலிக்கருவை முள் உள்ளங்காலில் ஏறியது. மறுநாளே வீங்கி, மூன்றாம் நாள் சீழ் பிடித்தது. கூடவே தொடையிடுக்கில் நெறி கட்டி நடக்க முடியாமல் போனது. முள் குத்தியது காலில். நெறி அங்கே ஏன் கட்டுகிறது? சீழ் என்பது கெட்டுப்போன ரத்தம்தானா?
– விவசாயி, கோவில்பட்டி

சீழ் கெட்டுப்போன ரத்தம் அன்று. முள்ளோடு உள்ளே போன பாக்டீரியாக்களை விழுங்கி, அந்த வேலையிலேயே மடிந்த வெள்ளை அணுக்கள்தான் சீழின் பெரும்பகுதி. தோலுக்கு அடியில் எப்போதும் குடியிருக்கும் மேக்ரோஃபேஜ் என்னும் விழுங்கணுக்கள், பாக்டீரியாக்களின் உறையில் பொதுவாகக் காணப்படும் சில மூலக்கூறுகளைத் தொட்ட மாத்திரத்திலேயே வேதிச் செய்திகளை வெளியிடுகின்றன. அதனால் அருகிலுள்ள நுண்ணிய ரத்தக்குழாய்கள் விரிவதால் அந்த இடம் சிவந்து சூடாகிறது; குழாய்ச் சுவர்கள் தளர்ந்து நீர் கசிவதால் வீங்குகிறது; நரம்பு முனைகள் தூண்டப்படுவதால் வலிக்கிறது. அந்தத் தளர்ந்த சுவர் வழியாகத்தான் நியூட்ரோஃபில்கள் சில மணி நேரத்துக்குள் வந்து குவிகின்றன. ரத்தத்தின் வெள்ளை அணுக்களில் பாதிக்கு மேல் இவையே. ஆயுள் குறைவானவை என்பதால், எலும்பு மஜ்ஜை நாளொன்றுக்கு ஏறத்தாழ பத்தாயிரம் கோடி நியூட்ரோஃபில்களைப் புதிதாக உண்டாக்கியபடி இருக்கிறது.

உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்கு இன்னொரு முள் நினைவுக்கு வந்தது. 1882ஆம் ஆண்டு இத்தாலியின் சிசிலித் தீவிலுள்ள மெசினா நகரில், ரஷ்ய விலங்கியலாளர் இலியா மெச்னிகாஃப், கண்ணாடிபோல் உள்ளே தெரியும் நட்சத்திர மீன் குஞ்சின் உடலில் தோட்டத்து முள்ளைக் குத்தி வைத்துவிட்டுக் காத்திருந்தார். மறுநாள் காலையில் பார்த்தபோது, நகரும் அணுக்கள் முள்ளைச் சூழ்ந்து நின்றன. ரத்தக்குழாயே இல்லாத உயிரியிலும் இந்த வேலை நடக்கிறது என்றால், அது எவ்வளவு பழமையான ஏற்பாடு என்பதை அவர் கண்டுகொண்டார். 1908ஆம் ஆண்டின் நோபல் பரிசு அவருக்கும் ஜெர்மானியரான பால் எர்லிக்குக்கும் பகிர்ந்து அளிக்கப்பட்டது.

நெறியைப் பொறுத்தவரை, அது கட்டியன்று, நிணநீர்க் கணு. காயம்பட்ட இடத்தில் கிருமியின் துணுக்குகளைச் சேகரித்துக்கொள்ளும் டெண்ட்ரைட்டிக் அணுக்கள், நிணநீர்க் குழாய் வழியே மேலேறி, அந்தப் பகுதிக்குரிய கணுவுக்குப் போய்ச் சேர்கின்றன. காலுக்குரியது தொடையிடுக்கு, கைக்குரியது அக்குள், பல்லுக்கும் தொண்டைக்கும் உரியது தாடைக்கு அடி. அங்கே, குறிப்பிட்ட கிருமியை அடையாளம் காணும் வெள்ளை அணுக்களான டி அணுக்களும் பி அணுக்களும் கூட்டமாகத் தங்கியிருக்கின்றன. கொண்டுவரப்பட்ட துணுக்கோடு பொருந்தக்கூடிய சில அணுக்கள் கண்டறியப்பட்டதும் அவை பன்மடங்கு பெருகத் தொடங்குகின்றன. அந்தப் பெருக்கமே நெறி. காயம் ஆறியபின் தானாக வடிந்துவிடும். வலியே இல்லாமல், கல்போல் கெட்டியாக, மூன்று வாரத்துக்கு மேலும் வடியாத நெறியை மட்டும் மருத்துவரிடம் அவசியம் காட்டுங்கள்.

முள் குத்திய அன்றே தடுப்பூசி போட்டுக்கொண்டீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. ரணஜன்னியின் (டெட்டனஸ்) நச்சு மிக மிகச் சிறிய அளவிலேயே உயிரைப் பறிக்கும். அந்தச் சிறிய அளவு எதிர்ப்பாற்றலைத் தூண்டப் போதாது. நோய் வந்து பிழைத்தவருக்கும் அதனால் பாதுகாப்பு கிடைப்பதில்லை. தடுப்பூசி ஒன்றுதான் வழி.

இதுவரை உடல் பார்த்தே இராத கிருமிக்கும் பொருத்தமான அணு முன்கூட்டியே நம்மிடம் இருக்கும் என்று படித்தேன். மனிதருக்கு மரபணுக்களோ ஏறத்தாழ 20,000தான். கோடிக்கணக்கான வகை அணுக்களுக்கு அவை எப்படிப் போதும்?
– கல்லூரி மாணவி, காரைக்குடி

விஞ்ஞானிகளைப் பல்லாண்டுகள் திகைக்க வைத்த கேள்வி இது. 1970களில் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் பணியாற்றிய ஜப்பானியர் சுசுமு தொனெகாவா விடையைக் கண்டார். பி அணு முதிரும்போது தன் மரபணுத் துண்டுகளையே வெட்டி, வரிசை மாற்றி ஒட்டிக்கொள்கிறது. ஒவ்வோர் அணுவும் வெவ்வேறு துண்டுகளைத் தேர்கிறது. பன்னிரண்டு உயிரும் பதினெட்டு மெய்யும் சேர்ந்து 216 உயிர்மெய் ஆவதைப் பள்ளியில் படித்திருக்கிறோம் அல்லவா? அதே கணக்குதான். துண்டுகள் சில நூறு என்றாலும் அவற்றின் சேர்க்கைகள் பல லட்சம். ஒட்டும் இடத்தில் நேரும் ஒழுங்கற்ற சேர்ப்பு நீக்கங்களால் அவை மேலும் பெருகுகின்றன. இதற்காக 1987ஆம் ஆண்டு தொனெகாவாவுக்கு நோபல் பரிசு அளிக்கப்பட்டது.

இப்படிக் குருட்டாம்போக்கில் உருவாகும் அணுக்களில் சில நம் உடலையே தாக்கக்கூடியவையாகவும் அமைந்துவிடும். ஆகவே டி அணுக்கள் மார்பெலும்புக்குப் பின்னால் உள்ள தைமஸ் சுரப்பியில் கடுமையாகச் சலிக்கப்படுகின்றன. உள்ளே போவனவற்றில் மிகப் பெரும்பான்மை அங்கேயே அழிகின்றன. நூற்றுக்கு ஐந்துகூட வெளியே வருவதில்லை. குடல்வாலைப் போலப் பயனற்றது என்று நெடுங்காலம் கருதப்பட்ட அந்தச் சுரப்பியின் பணியை, 1961ஆம் ஆண்டு லண்டனில், அப்போதுதான் பிறந்த எலிக்குஞ்சுகளிலிருந்து அதை நீக்கிப் பார்த்து வெளிப்படுத்தியவர் ஜாக் மில்லர்.

பொருந்திய அணு கிடைத்த பிறகு அது பெருகுவதற்கும், பி அணுக்களிலிருந்து ஆன்டிபாடிகள் (கிருமியில் ஒட்டிக்கொள்ளும் எதிர்ப்புப் புரதங்கள்) தேவையான அளவு சுரப்பதற்கும் ஒரு வாரம், பத்து நாள் ஆகும். முதல் தடவை வரும் நோய் நம்மைப் படுக்க வைப்பது இந்த இடைவெளியில்தான். நோய் தணிந்ததும் பெருகிய அணுக்களில் பெரும்பாலானவை மடிகின்றன. சிறு பங்கு மட்டும், அறுவடையில் எடுத்துவைத்த விதைநெல்போல, நினைவு அணுக்களாக எஞ்சுகிறது.

தட்டம்மை ஒருமுறை வந்தால் மறுமுறை வராது என்கிறார்கள். சளிக்காய்ச்சலோ ஆண்டுக்கு மூன்று முறை வருகிறது. சிறுவயதில் சின்னம்மை வந்த என் மாமியாருக்கு 66 வயதில் இடுப்பில் அக்கி வந்தது. இரண்டும் ஒரே கிருமிதான் என்று மருத்துவர் சொன்னார். அப்படியானால் உடலின் நினைவு எவ்வளவு காலம் நிற்கும்?
– இல்லத்தரசி, திருவாரூர்

நினைவு எத்தனை ஆண்டு நிற்கும் என்பதற்கு வரலாற்றிலேயே ஒரு சோதனை நடந்திருக்கிறது. வட அட்லாண்டிக்கில் டென்மார்க்குக்கு உரிய ஃபாரோ தீவுகளில் 1781ஆம் ஆண்டு தட்டம்மை வந்து போனது. அதன்பின் 65 ஆண்டுகள் அந்தத் தீவுகளை அது எட்டிப் பார்க்கவில்லை. 1846ஆம் ஆண்டு மறுபடி கப்பலேறி வந்தபோது, ஏறத்தாழ 7,800 மக்களில் 6,000 பேர் படுத்தார்கள். விசாரிக்க அனுப்பப்பட்ட இளம் மருத்துவர் பீட்டர் பானும் வீடுவீடாகச் சென்று எழுதிவைத்த குறிப்புகளில், 1781இல் நோய்பட்டு அன்றும் உயிரோடிருந்த முதியவர்களில் ஒருவரைக்கூட அது இரண்டாம் முறை தொடவில்லை என்று பதிவாகியிருக்கிறது. இடையில் ஒருமுறைகூடக் கிருமியை எதிர்கொள்ளாமலே 65 ஆண்டுகள் நின்ற நினைவு அது.

சளிக்காய்ச்சலில் குறை நினைவினுடையது அன்று. சளியை உண்டாக்கும் ரைனோ வைரஸ்கள் மட்டுமே நூற்றுக்கும் மேற்பட்ட வகைகள். ஒன்றின் நினைவு மற்றொன்றுக்கு உதவாது. இன்ஃபுளுயன்சா வைரஸ் தன் மேலுறையைச் சிறிது சிறிதாக மாற்றிக்கொண்டே இருப்பதால்தான் அதற்கு ஆண்டுதோறும் ஊசி மாற்றப்படுகிறது.

அக்கியின் கதை வேறு. சின்னம்மை ஆறிய பிறகு அந்த வைரஸ் உடலை விட்டுப் போவதில்லை. முதுகுத்தண்டை ஒட்டிய நரம்பு முடிச்சுகளில் ஒடுங்கி உறங்குகிறது. டி அணுக்களின் நினைவு அதை ஒடுக்கி வைத்திருக்கிறது. முதுமையில் அந்தக் கட்டுப்பாடு தளரும்போது ஒரே ஒரு நரம்பின் வழியே வெளிப்பட்டு, அந்த நரம்பு பரவும் பட்டையில் மட்டும் கொப்புளங்களாகிறது. உடலின் ஒரு பக்கத்தோடு அக்கி நின்றுவிடுவதன் காரணம் இதுவே. நம் ஊர்களில் குயவரிடம் போய்ச் செங்காவியால் அக்கி எழுதிக்கொள்ளும் வழக்கம் உண்டு. அதன்மேல் மக்களுக்குள்ள மதிப்பை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் முதல் மூன்று நாள்களுக்குள் வைரஸ் எதிர்ப்பு மாத்திரை தொடங்குவதுதான் முதியவர்களுக்கு உண்மையான பலன் தரும் என்பதால், காவி காயட்டும் என்று அந்த நாள்களைக் கழித்துவிடக் கூடாது. அக்கிக்கு இப்போது தடுப்பூசியும் இருக்கிறது.

தட்டம்மையைப் பற்றி இன்னொன்று சொல்லாமல் விட முடியாது. அது நினைவு அணுக்களையே தாக்கும் வைரஸ். 2013ஆம் ஆண்டு நெதர்லாந்தில் பரவியபோது, தடுப்பூசி போடாத 77 குழந்தைகளின் ரத்தத்தை நோய்க்கு முன்னும் பின்னும் ஒப்பிட்டார்கள். மற்றக் கிருமிகளுக்கு எதிராக அவர்கள் சேர்த்துவைத்திருந்த ஆன்டிபாடி வகைகளில் நூற்றுக்கு 11 முதல் 73 வரை அழிந்துபோயிருந்ததை 2019ஆம் ஆண்டு வெளியான அந்த ஆய்வு காட்டியது. தட்டம்மை வந்து போன வீட்டில் பின்னர் பல மாதங்கள் குழந்தைக்கு வயிற்றுப்போக்கும் நிமோனியாவும் மாறிமாறி வருவதன் பின்னணி இதுதான். ‘வந்து போனால் நல்லதுதான்’ என்று தடுப்பூசியைத் தவிர்ப்பவர்கள் இதைச் சிந்திக்க வேண்டும்.

காய்ச்சல் நல்லதா, கெட்டதா? 100 டிகிரி வந்தவுடனே மாத்திரை கொடுக்கலாமா?
– தந்தை, ஈரோடு

காய்ச்சலை உண்டாக்குவது கிருமி நேரடியாக அன்று. விழுங்கணுக்கள் வெளியிடும் இன்டர்லூகின் போன்ற செய்திப் பொருள்கள் மூளையின் ஹைப்போதலாமஸில் புரோஸ்டகிளாண்டின் சுரக்கச் செய்கின்றன. அங்கே வெப்ப அளவு உயர்த்தி வைக்கப்படுகிறது. உயர்த்திவைத்த அளவை எட்டும்வரை உடலுக்குக் குளிர்கிறது, நடுங்குகிறது; போர்வை கேட்கிறது. பாராசிட்டமால் அந்தப் புரோஸ்டகிளாண்டினைக் குறைக்கிறதே தவிர, கிருமியை ஒன்றும் செய்வதில்லை.

1975ஆம் ஆண்டு அமெரிக்காவில் மேத்யூ கிளகர் என்னும் அறிவியலாளரின் குழு, பாலைவனப் பல்லியினம் ஒன்றுக்குப் பாக்டீரியாவைச் செலுத்தி, வெவ்வேறு வெப்பநிலைகளில் வைத்துப் பார்த்தது. தானாக உடல் வெப்பத்தை உயர்த்த முடியாத அந்த உயிர்களில், வெப்பமான இடத்தில் வைக்கப்பட்டவையே மிகுதியாகப் பிழைத்தன. காய்ச்சலுக்குப் பயன் உண்டு என்பதற்கு அது வலுவான சான்று. ஆகவே 100 டிகிரிக்கு மாத்திரை கட்டாயமில்லை. குழந்தை சோர்ந்து, நீர் அருந்தாமல், வலியால் துன்பப்பட்டால் எடைக்கேற்ற அளவில் கொடுங்கள். எண்ணைவிடக் குழந்தையின் முகத்தைப் பாருங்கள். மூன்று மாதத்துக்கு உட்பட்ட சிசுவுக்கு எந்தக் காய்ச்சலானாலும் அன்றே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

என் மகனுக்கு டெங்கு. நான்காம் நாள் காய்ச்சல் விட்டது. பிழைத்தோம் என்று மூச்சுவிட்டோம். அன்று மாலையே வயிற்றுவலியும் வாந்தியும் வந்து தீவிர சிகிச்சைப் பிரிவில் சேர்க்க நேர்ந்தது. இரண்டு ஆண்டுகளுக்கு முன்பும் அவனுக்கு டெங்கு வந்திருந்தது. ஒருமுறை வந்தால் எதிர்ப்பு சக்தி இருக்க வேண்டாமா?
– தாய், மதுரை

இருந்தது, அம்மா, இந்த நோயில் துன்பம் பெருகியதற்கே அதுதான் காரணமாக இருந்திருக்கக்கூடும். உங்கள் மனம் இதை ஏற்க மறுக்கும் என்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

டெங்கு வைரஸில் நான்கு வகைகள் உண்டு. ஒரு வகை வந்து போனால் அதற்கு எதிரான பாதுகாப்பு நெடுங்காலம் நிற்கிறது; மற்ற மூன்றுக்கோ சில மாதங்களே. அதன்பின் வேறொரு வகை நுழையும்போது, பழைய ஆன்டிபாடிகள் அதைப் பாதி அடையாளம் கண்டு ஒட்டிக்கொள்கின்றன. ஆனால் செயலிழக்கச் செய்யும் அளவுக்குப் பொருந்துவதில்லை. ஆன்டிபாடி ஒட்டிய எதையும் விழுங்குவது விழுங்கணுக்களின் இயல்பு. டெங்கு வைரஸோ அந்த விழுங்கணுக்களுக்கு உள்ளேதான் பெருகும். ஆகவே கதவைக் காக்க வேண்டிய ஆன்டிபாடியே வைரஸை உள்ளே அழைத்துச் செல்கிறது. வைரஸ் மிகுதியாகப் பெருக, அதற்கு எதிராக வெளியிடப்படும் வேதிப்பொருள்களும் மிகுந்து, ரத்தக்குழாய்ச் சுவர்கள் உடல் முழுவதும் தளர்ந்துவிடுகின்றன. முள் குத்திய இடத்தில் நன்மை செய்த அதே கசிவு, உடலெங்கும் நேர்ந்தால் ரத்தத்தின் நீர் வெளியேறி நாடி தளர்கிறது.

பாங்காக்கில் 1960களில் குழந்தைகளைக் கவனித்த அமெரிக்க மருத்துவர் ஸ்காட் ஹால்ஸ்டெட் இந்தக் கருத்தை முன்வைத்தபோது பலர் நம்பவில்லை. கியூபா அதற்குச் சான்றாயிற்று. அங்கே 1977ஆம் ஆண்டு முதல் வகை பரவி, பெரிய தீங்கின்றிப் போனது. 1981ஆம் ஆண்டு இரண்டாம் வகை வந்தபோது 3,44,000 பேருக்கு மேல் நோய்ப்பட்டு 158 பேர் இறந்தனர். முதல் பரவலுக்குப் பின் பிறந்த, அதாவது பழைய ஆன்டிபாடி எதுவும் இல்லாத, ஒன்றிரண்டு வயதுக் குழந்தைகளிடையே கடுமையான நோய் மிகக் குறைவாகவே காணப்பட்டது. மாறாக, முதல் முறையே டெங்கு வரும் கைக்குழந்தைகள் சிலர் கடுமையாக நோய்ப்படுவதும் உண்டு. தாயிடமிருந்து பெற்ற ஆன்டிபாடி ஆறாம் மாதத்துக்குமேல் குறைந்து, காக்கப் போதாமலும் முற்றிலும் மறையாமலும் இருக்கும் இடைக்காலம் அது.

காய்ச்சல் விட்ட பிறகு ஆபத்து வருவதும் இதனால்தான். மூன்றாம் நாளுக்கும் ஏழாம் நாளுக்கும் இடையில் வைரஸ் குறையத் தொடங்கும்போது காய்ச்சல் இறங்குகிறது. கசிவு அப்போதுதான் உச்சத்துக்குப் போகிறது. அடுத்த 24 முதல் 48 மணி நேரம் கண்ணிமைபோல் காக்க வேண்டிய காலம். விடாத வயிற்றுவலி, தொடர் வாந்தி, ஈறிலோ மூக்கிலோ ரத்தம், கைகால் சில்லிடுதல், சிறுநீர் குறைதல், காரணமில்லாத அமைதியின்மை அல்லது மயக்கம் ஆகியவற்றில் எது தெரிந்தாலும் தாமதிக்கக் கூடாது. நம் குடும்பங்களில் தட்டணு எண்ணிக்கை ஒன்றையே கேட்டுக் கலங்குகிறார்கள். ரத்தம் கெட்டிப்படுவதைக் காட்டும் பி.சி.வி. அளவு ஏறுகிறதா என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். கசிவைச் சொல்வது அதுதான். ஆஸ்பிரினும் இப்யூபுரூஃபனும் டெங்குவில் கூடவே கூடாது. உங்கள் மகனை அன்று மாலையே அழைத்துச் சென்றீர்களே, அதுதான் அவனைக் காப்பாற்றியது.

என் தோளில் பி.சி.ஜி. தழும்பு இருக்கிறது. ஆனாலும் 41 வயதில் காசநோய் வந்தது. அந்த ஊசி வீணா?
– ஓட்டுநர், திருவள்ளூர்

உங்கள் மாவட்டத்துக்கும் இந்தக் கேள்விக்கும் நேரடித் தொடர்பு உண்டு. 1968ஆம் ஆண்டு, அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்தில் திருவள்ளூர்ப் பகுதியை மையமாகக் கொண்டு, இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்ட மக்களிடம் பி.சி.ஜி. சோதனை தொடங்கப்பட்டது. உலகின் மிகப்பெரிய தடுப்பூசிச் சோதனைகளுள் ஒன்றான அதன் 15 ஆண்டுக் கண்காணிப்பு, பெரியவர்களின் நுரையீரல் காசநோயைப் பி.சி.ஜி. தடுக்கவில்லை என்று காட்டியது. ஊசி வீணன்று: கைக்குழந்தைகளை மூளைக்காய்ச்சலாகவும் உடலெங்கும் பரவுவதாகவும் வரும் கொடிய காசநோயிலிருந்து அது காக்கிறது. நீங்கள் குழந்தையாக இருந்தபோது அதன் வேலை நடந்து முடிந்தது.

காசநோய்க் கிருமி விழுங்கணுவால் விழுங்கப்பட்டும் செரிக்கப்படாமல் உள்ளேயே வாழக் கற்றது. ஆன்டிபாடிகள் அங்கே எட்டா. ஆகவே டி அணுக்கள் விழுங்கணுக்களைத் தூண்டி, கிருமியைச் சுற்றி அணுக்களாலேயே ஒரு சிறு முடிச்சைக் கட்டி அடைத்துவைக்கின்றன. கிருமி உள்ளே புகுந்தவர்களில் நூற்றுக்கு ஐந்து முதல் பத்துப் பேருக்கே வாழ்நாளில் நோய் வெளிப்படுகிறது. மற்றவர்களிடம் அந்த அடைப்பு நிற்கிறது. நீரிழிவு, எச்.ஐ.வி., ஊட்டக்குறைவு, நீண்டகால ஸ்டீராய்டு ஆகியவை அடைப்பைத் தளர்த்துகின்றன. இரவுப்பணி ஓட்டுநர் என்று எழுதியிருக்கிறீர்கள். சர்க்கரை அளவைப் பரிசோதித்தீர்களா? இல்லையென்றால் இந்த வாரமே செய்யுங்கள். மாத்திரையை இருமல் நின்றதோடு நிறுத்தாமல், மருத்துவர் சொன்ன முழுக் காலமும் உட்கொள்ளுங்கள்.

எதிர்ப்பு சக்தியைக் கூட்டும் என்று மாவும் சாறும் மாத்திரையும் விற்கிறார்கள். எதை வாங்கலாம்?
– ஓய்வுபெற்ற அலுவலர், நாகர்கோவில்

மேலே உள்ள பதில்களைப் படித்தால், ‘கூட்டுவது’ என்ற சொல்லே இங்கே பொருந்தவில்லை என்பது விளங்கும். எதிர்ப்பாற்றல் குடத்து நீர்போல் ஓர் அளவு அன்று. அடையாளம் காணவும், உரிய நேரத்தில் பெருகவும், வேலை முடிந்ததும் அடங்கவும் தெரிந்த ஓர் ஏற்பாடு. அடங்கவைப்பதற்கென்றே தனி டி அணுக்கள் உள்ளன. அவற்றைக் கண்டறிந்ததற்காகத்தான் ஷிமோன் சகாகுச்சி, மேரி பிரன்கோ, ஃபிரெட் ராம்ஸ்டெல் மூவருக்கும் 2025ஆம் ஆண்டின் நோபல் பரிசு வழங்கப்பட்டது. கொரோனா காலத்தில், 2020 ஜூன் மாதம் பிரிட்டனில் வெளியான முடிவை நினைத்துப் பாருங்கள்: செயற்கைச் சுவாசத்தில் இருந்த நோயாளிகளின் இறப்பை மூன்றில் ஒரு பங்கு குறைத்த டெக்சாமெத்தசோன், எதிர்ப்பாற்றலை அடக்கும் மருந்து.

குறை இருந்தால் அதை நிரப்புவது உண்மையிலேயே பயன் தரும். புரதமும் துத்தநாகமும் வைட்டமின் ஏயும் குறைந்த குழந்தைக்கு அவற்றைக் கொடுப்பது உயிர் காக்கும் செயல். குறையே இல்லாதவருக்கு மேலும் ஊட்டுவதால் பயன் இல்லை. அந்த மாவுக்குச் செலவிடும் பணத்தில் முட்டையும் பயறும் கீரையும் வாங்குங்கள். உங்கள் வயதுக்கு இன்ஃபுளுயன்சா, நிமோனியா தடுப்பூசிகள் போட்டிருக்கின்றனவா என்று குடும்ப மருத்துவரிடம் கேளுங்கள். அவை இரண்டும் எந்தக் கிருமி என்று குறிப்பிட்டே நினைவை உண்டாக்குபவை.